வைட்டமின் டி ஊசியும் சாப்பாட்டுத் தட்டும்

மதுரையில் வெயிலுக்குப் பஞ்சம் என்று எவரும் சொன்னதில்லை. நிலநடுக்கோட்டிலிருந்து ஏறத்தாழ 10 பாகை வடக்கே இருக்கும் ஊர் இது. மேலூரிலும் உசிலம்பட்டியிலும் வாடிப்பட்டியிலும் வயலில் குனிந்து நிமிர்கிறவர்களுக்கு ஆண்டின் பெரும்பகுதியில் வெயில்தான் கூரை. ஆயினும், உடல் வலி என்று எங்கள் புறநோயாளிகள் பிரிவுக்கு வருவோர் பலரின் இரத்தப் பரிசோதனை அறிக்கையில் ‘வைட்டமின் டி குறைவு’ என்ற வரி தவறாமல் இடம்பெறுகிறது. அதைத் தொடர்ந்து ஓர் ஊசியோ, வாரம் ஒன்றாகச் சாப்பிட வேண்டிய 60,000 யூனிட் மாத்திரையோ எழுதப்படுகிறது. அறிக்கையில் எண் உயர்கிறது. நோயாளியும் குடும்பத்தாரும் நிம்மதி அடைகிறார்கள்.

இந்த நிம்மதி பெரும்பாலும் பாதி மருத்துவத்தில் கிடைத்த நிம்மதி என்பது என் கருத்து. நாம் எண்ணைக் கவனிக்கிறோம், தட்டைக் கவனிப்பதில்லை. எலும்புக்கு வேண்டியது கால்சியம், அதாவது சுண்ணாம்புச் சத்து. அந்தச் சத்தைக் குடலிலிருந்து உள்ளே எடுத்துக்கொள்ள உதவுவதுதான் வைட்டமின் டியின் தலையாய வேலை. தட்டில் சுண்ணாம்புச் சத்து இல்லாதபோது எத்தனை ஊசி போட்டாலும் உள்ளே எடுத்துக்கொள்ள என்ன இருக்கிறது?

இதை விளங்கிக்கொள்ள, நம் உயிரணுக்களுக்குள் இருக்கும் ஒரு சிறிய புரதத்தைப் பற்றிச் சற்று அறிந்துகொள்வது நல்லது. அதன் பெயர் வைட்டமின் டி ஏற்பி. ஹார்மோனைப் பற்றிக்கொண்டு அதன் கட்டளையை நிறைவேற்றி வைக்கும் புரதத்தை ஏற்பி என்கிறோம். வைட்டமின் டி என்பது பெயரளவில் வைட்டமின், நடத்தையில் ஹார்மோன். தோலில் வெயில் பட்டு உருவாகும் அது, கல்லீரலில் ஒரு மாற்றமும் சிறுநீரகத்தில் இன்னொரு மாற்றமும் அடைந்த பிறகே முழு வலிமை பெறுகிறது. அந்த வலிமை பெற்ற வடிவம் குடலின் உள்சுவரிலுள்ள உயிரணுக்களுக்குள் சென்று ஏற்பியோடு இணைகிறது. இணைந்த இரண்டும் உயிரணுவின் உட்கருவில் குறிப்பிட்ட சில மரபணுக்களை இயக்கி வைக்கின்றன. அதன் விளைவாகக் கால்சியத்தை உள்ளே விடும் வாயில்களும், அதைச் சுமந்து செல்லும் புரதங்களும் உருவாகின்றன. 1969ஆம் ஆண்டு ஹாஸ்லர், நார்மன் என்னும் இரு அமெரிக்க அறிவியலாளர்கள் கோழிக்குஞ்சின் குடலில் இந்த ஏற்பியைக் கண்டறிந்தனர்.

இந்த ஏற்பி சரிவர வேலை செய்தால், நாம் உண்ணும் கால்சியத்தில் 30 முதல் 40 விழுக்காடு வரை உடலில் சேரும். வைட்டமின் டி இல்லாமல் அது செயலற்றுக் கிடந்தால் 10 முதல் 15 விழுக்காடு மட்டுமே சேரும். ஆகவே வைட்டமின் டி முக்கியம் என்பதில் ஐயமில்லை. ஆனால் ஏற்பி ஒரு வாயிற்காப்போன் மட்டுமே. கதவைத் திறந்து வைப்பது அதன் பணி. விருந்தாளியை அழைத்து வருவது அதன் பணியன்று.

இது வெறும் உவமையில்லை. இந்த ஏற்பியே பழுதாகிப் பிறக்கும் குழந்தைகள் மிக அரிதாக உண்டு. வைட்டமின் டி எவ்வளவு கொடுத்தாலும் அவர்களின் உடல் அதைக் கேட்காது. கால்கள் வளையும், வளர்ச்சி குன்றும், பலருக்குத் தலையில் முடியும் இருக்காது. 1986இல் பிரான்ஸ் நாட்டு மருத்துவர்கள் அத்தகைய குழந்தை ஒன்றுக்கு இரவுதோறும் நரம்பு வழியாகக் கால்சியத்தைப் பல மாதங்கள் செலுத்தினர். எலும்புகள் சீராயின. ஏற்பி பழுதாகத்தான் இருந்தது. கால்சியம் வேறு வழியில் வந்து சேர்ந்தது, அவ்வளவுதான். பின்னர் 1997இல் இந்த ஏற்பி இல்லாத எலிகளை ஆய்வகத்தில் உருவாக்கினார்கள். அவற்றுக்குக் கால்சியமும் பாஸ்பரசும் மிகுந்த சிறப்பு உணவைக் கொடுத்தபோது எலும்பு நோய் வராமல் தடுக்க முடிந்தது. முடி மட்டும் உதிர்ந்துதான் போயிற்று. அந்த ஏற்பிக்கு முடியின் வேரில் வேறு ஏதோ தனி வேலை இருக்கிறது என்பது அதனால் தெரியவந்தது. எலும்பைப் பொறுத்தவரை அதன் பெரும்பணி, குடலிலிருந்து கால்சியத்தைப் பெற்றுத் தருவதே.

எலிகளை விடுங்கள், மனிதர்களுக்கு வருவோம். நம்மைப் போலவே வெயில் மிகுந்த நாடு நைஜீரியா. அங்கே ரிக்கெட்ஸ் என்னும் எலும்பு மென்மை நோயால் கால் வளைந்த 123 குழந்தைகளை மூன்று பிரிவாகப் பிரித்துச் சிகிச்சை அளித்த ஆய்வு ஒன்று 1999இல் வெளிவந்தது. ஒரு பிரிவினருக்குக் கால்சியம் மட்டும். ஒரு பிரிவினருக்கு வைட்டமின் டி மட்டும். மூன்றாம் பிரிவினருக்கு இரண்டும். வைட்டமின் டி கொடுக்கப்பட்ட விதத்தைக் கவனியுங்கள்: 6 லட்சம் யூனிட் ஊசி. நம் ஊர் மருந்துக் கடைகளில் கிடைக்கும் அதே அளவு ஊசி. 24 வாரங்கள் கழித்துப் பார்த்தபோது, கால்சியம் பெற்றவர்களில் 61 விழுக்காட்டினரும், இரண்டும் பெற்றவர்களில் 58 விழுக்காட்டினரும் நன்கு தேறியிருந்தனர். ஊசி மட்டும் பெற்றவர்களில் தேறியவர்கள் 19 விழுக்காட்டினரே.

நம் நாட்டில் நிலைமை அதே அச்சு அன்று. தில்லியில் ரிக்கெட்ஸ் வந்த குழந்தைகளிடம் நடந்த இதே போன்ற ஆய்வில், கால்சியமும் வைட்டமின் டியும் சேர்த்துப் பெற்றவர்களே மற்ற இரு பிரிவினரையும்விட நன்கு தேறினர். நமக்கு இரண்டும் குறைவு என்பதே இதன் பொருள். எனவே ஊசி கூடாது என்று நான் சொல்வதாக எவரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். ஊசி மட்டும் என்பதையே மறுக்கிறேன்.

இனி நமக்கு அருகிலுள்ள சான்று. திருப்பதியிலும் அதைச் சுற்றியுள்ள சிற்றூர்களிலும் மருத்துவர் ஹரிநாராயண் தலைமையில் நடந்த ஆய்வு 2007இல் வெளியானது. உணவிலும் உழைப்பிலும் வெயிலிலும் நமக்குப் பெரிதும் ஒத்த மக்கள் அவர்கள். நாள் முழுதும் வயலில் உழைக்கும் கிராமத்துப் பெண்களிலேயே பத்துக்கு ஏழு பேருக்கு வைட்டமின் டி குறைவாக இருந்தது. நகரத்துப் பெண்களிடம் அது சற்றே கூடுதல். இன்னொரு செய்திதான் என்னை உறுத்தியது: அவர்கள் நாளொன்றுக்கு உண்ட கால்சியம் ஏறத்தாழ 300 மில்லிகிராம் மட்டுமே. ஐதராபாத்தில் உள்ள தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2020இல் வெளியிட்ட பரிந்துரைப்படி ஒரு பெரியவருக்கு நாளொன்றுக்கு 1,000 மில்லிகிராம் வேண்டும். மாதவிடாய் நின்ற பெண்களுக்கு 1,200. அதாவது தேவையில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை.

வெயிலில் உழைப்பவருக்கும் ஏன் வைட்டமின் டி குறைகிறது? கருத்த தோல், உடலை மூடும் உடை என்பன உண்மையான காரணங்களே. ஆனால் பேசப்படாத காரணம் ஒன்று உண்டு. உணவில் கால்சியம் குறைந்தால் கழுத்திலுள்ள பாராதைராய்டு சுரப்பிகள் கூடுதலாக வேலை செய்கின்றன. அவற்றின் ஹார்மோன் எலும்பிலிருந்து கால்சியத்தை எடுத்து இரத்தத்துக்குக் கொடுக்கிறது; கூடவே வைட்டமின் டியை வலிமையான வடிவத்துக்கு மாற்றும்படி சிறுநீரகத்தைத் தூண்டுகிறது. அவ்வாறு ஓயாமல் தூண்டப்படும் உடலில் வைட்டமின் டியின் சேமிப்பு விரைவாகக் கரைந்துபோகும் என்பதை 1987இலேயே எலிகளில் செய்த ஆய்வு காட்டியது. நம் தானியங்களில் மிகுந்துள்ள ஃபைட்டேட் என்னும் பொருளும் குடலில் கால்சியத்தைக் கட்டிப்போட்டு இந்தத் தட்டுப்பாட்டை இன்னும் கூட்டுகிறது. ஆகவே உங்கள் அறிக்கையில் குறைந்து காணப்படும் அந்த எண், வெயில் படாததால் மட்டும் குறைந்ததாக இருக்க வேண்டியதில்லை. தட்டில் கால்சியம் இல்லாததாலும் குறைந்திருக்கலாம். அங்கே ஊசி போடுவது, ஓட்டைக் குடத்தில் நீர் மொள்வதுதான்.

அளவு மீறினால் என்ன ஆகும் என்பதையும் சொல்லியாக வேண்டும். மேலூர்ப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து ஐம்பது வயதைத் தாண்டிய ஓர் அம்மாவை அவருடைய மகள் அழைத்து வந்திருந்தார். பல நாளாக வாந்தி, தாகம், மலச்சிக்கல், பேச்சில் தடுமாற்றம். முழங்கால் வலிக்காக ஓராண்டுக்குள் நான்கு இடங்களில் காட்டியிருந்தார்கள். நான்கு இடங்களிலும் 6 லட்சம் யூனிட் ஊசி போடப்பட்டிருந்தது. முந்தைய ஊசியைப் பற்றி எங்கும் எவரும் கேட்கவில்லை, இவர்களும் சொல்லவில்லை. “எங்க போனாலும் ஒரு ஊசி போட்டு அனுப்பிட்டாங்க டாக்டர், வலி மட்டும் போகலை” என்றார் மகள். இரத்தத்தில் கால்சியம் அபாய அளவில் இருந்தது, சிறுநீரகமும் தளர்ந்திருந்தது. மருத்துவமனையில் சேர்த்து நரம்பு வழியாக நீரேற்றி, மருந்து கொடுத்துச் சரிசெய்தோம். முழுதாகத் தேறச் சில மாதங்கள் ஆயின, ஏனெனில் வைட்டமின் டி கொழுப்பில் தேங்கி மெதுவாகவே வெளியேறும். முழங்கால் வலிக்குக் காரணம் மூட்டுத் தேய்மானம். அதற்கும் இந்த ஊசிக்கும் தொடர்பே இல்லை. அவர் வீட்டில் என்ன சாப்பிடுவார் என்று கேட்டேன். காலையில் இட்லி, மதியம் சோறு குழம்பு, இரவு மீண்டும் சோறு. பால் என்பது டீயில் மட்டும்.

எட்டு வாரம் என்று எழுதிக் கொடுத்ததை எட்டு மாதம் சாப்பிட்டவர்களும், வாரம் ஒன்று என்பதை நாள் ஒன்று என்று புரிந்துகொண்டவர்களும் உண்டு. சத்து மாத்திரைதானே, மிஞ்சினால் என்ன என்ற எண்ணம் நம்மிடம் ஊறியிருக்கிறது. ஆஸ்திரேலியாவில் 70 வயதைக் கடந்த 2,256 பெண்களிடம் நடந்த ஆய்வு 2010இல் வெளியானது. ஆண்டுக்கு ஒருமுறை 5 லட்சம் யூனிட் வைட்டமின் டியை விழுங்கிய பாட்டிமார்கள், வெறும் மாத்திரை விழுங்கியவர்களைவிடக் குறைவாக விழவில்லை. கூடுதலாக விழுந்தார்கள், கூடுதலாக எலும்பை முறித்துக்கொண்டார்கள். அந்த ஏற்பி ஒரே நாளில் கொட்டப்படும் வெள்ளத்தை விரும்புவதில்லை போலும்.

அமெரிக்காவில் 25,871 பேரிடம் நடந்த இன்னொரு பெரிய ஆய்வு, நாள்தோறும் 2,000 யூனிட் சாப்பிட்டும் எலும்பு முறிவு குறையவில்லை என்று 2022இல் அறிவித்தது. அதை அப்படியே நமக்குப் பொருத்திப் பார்ப்பது சரியன்று. அவர்களில் பெரும்பாலோர் குறைபாடே இல்லாதவர்கள். நம்மைவிடக் கூடுதலாகக் கால்சியம் உண்பவர்கள். ஆயினும் நலமாக இருப்பவர்கள் ஆண்டுதோறும் வைட்டமின் டி பரிசோதனை செய்துகொள்ளத் தேவையில்லை என்று அமெரிக்க நாளமில்லாச் சுரப்பியியல் சங்கம் 2024இல் வழிகாட்டியதை நான் முழுதாக ஏற்கிறேன். பூப்பறிக்கும் ஒரு பெண்ணுக்கு அந்தப் பரிசோதனைக் கட்டணம் சில நாள் கூலி. அந்தப் பணத்தில் வீட்டுக்குப் பல நாள் பால் வாங்கலாம்.

பரிசோதனையும் மருந்தும் கட்டாயம் வேண்டியவர்கள் உண்டு. உட்கார்ந்து எழவும் படியேறவும் முடியாமல் தொடைத் தசை தளர்ந்தவர்கள், ஆடி ஆடி நடப்பவர்கள், சிறு தடுமாற்றத்திலேயே எலும்பு முறிந்தவர்கள், கால் வளையும் குழந்தைகள், வீட்டைவிட்டு வெளியே வராத முதியோர், வலிப்பு நோய்க்கோ காசநோய்க்கோ நெடுநாள் மருந்து சாப்பிடுபவர்கள், குடல் அறுவை செய்துகொண்டவர்கள், எலும்புப்புரைக்கு ஊசி போட இருப்பவர்கள் ஆகியோருக்கு வைட்டமின் டி அளவைப் பார்க்காமல் இருப்பதுதான் தவறு. சிறுநீரகம் செயலிழந்தவர்களின் கணக்கு முற்றிலும் வேறு. அவர்கள் கால்சியம், வைட்டமின் டி, பால் எதையும் தம் சிறுநீரக மருத்துவரைக் கேட்காமல் கூட்டவோ குறைக்கவோ கூடாது. இப்போது மருந்து சாப்பிட்டு வருபவர்கள் எவரும் இக்கட்டுரையைப் படித்துவிட்டுத் தாமாக நிறுத்திவிட வேண்டாம்.

சிறுநீரகக் கல் வந்தவர்களுக்கு ஒரு சொல். கல் என்றதும் நம் வீடுகளில் முதலில் நிறுத்தப்படுவது பாலும் தயிரும். சுண்ணாம்புதானே கல்லாகிறது என்பது அதற்குச் சொல்லப்படும் நியாயம். இத்தாலியில் 120 ஆண்களை ஐந்தாண்டுகள் தொடர்ந்து கவனித்த ஆய்வு 2002இல் இதற்கு நேர்மாறாகச் சொன்னது. கால்சியத்தை வழக்கம்போல் உண்டு, உப்பையும் இறைச்சியையும் குறைத்தவர்களில் 12 பேருக்கு மீண்டும் கல் வந்தது; கால்சியத்தைக் குறைத்தவர்களில் 23 பேருக்கு வந்தது. உணவோடு சேர்ந்து உண்ணும் கால்சியம், கல்லுக்குக் காரணமான ஆக்சலேட்டைக் குடலிலேயே பிடித்து வெளியேற்றிவிடுகிறது. ஆகவே தயிரை நிறுத்தாதீர்கள். ஊறுகாயை நிறுத்துங்கள், அப்பளத்தைக் குறையுங்கள். கல் மீண்டும் மீண்டும் வந்தால் இரத்தத்தில் கால்சியம் அளவைப் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள். அது செலவு குறைந்த பரிசோதனை. பாராதைராய்டு சுரப்பியில் கட்டி இருந்தால் முதல் துப்பு அங்கேதான் கிடைக்கும்.

சரி, தட்டில் என்ன வைப்பது? அரிசியில் கால்சியம் ஏறக்குறைய இல்லை. 100 கிராமில் 10 மில்லிகிராம் அளவுதான். மூன்று வேளையும் அரிசி உண்ணும் வீட்டில் இந்தச் சத்து வேறு வழியில் வந்தாக வேண்டும். அதே 100 கிராம் கேழ்வரகில் 350 மில்லிகிராம் அளவுக்கு இருக்கிறது. நம் முன்னோர் கேழ்வரகு மாவைக் கரைத்துப் புளிக்கவைத்துக் கூழ் காய்ச்சியது வெறும் சுவைக்காக என்று நினைக்கிறோம். புளிக்கவைக்கும்போது நான் முன்பு சொன்ன ஃபைட்டேட் சிதைந்து கால்சியம் விடுபடுகிறது. கூழில் மோர் ஊற்றிக் குடித்தால் இரட்டை வரவு. நீரிழிவு உள்ளவர்கள் மட்டும் கூழாக அல்லாமல் அடையாகவோ ரொட்டியாகவோ அளவோடு உண்பது நல்லது. கூழ் சர்க்கரையை விரைந்து ஏற்றும்.

ஒரு நாளைக்கு இரண்டு டம்ளர் பாலோ தயிரோ சேர்ந்தால் 350 மில்லிகிராம் வரும். இரண்டு கேழ்வரகு அடையில் ஏறத்தாழ 180. ஒரு பிடி முருங்கைக்கீரைப் பொரியலில் 150. கறுப்பு எள்ளை வறுத்துப் பொடித்து இட்லிக்குத் தொட்டுக்கொண்டால் 10 கிராமுக்கு 100க்கு மேல். இங்கேயே 780 ஆகிவிட்டது. மீன் உண்பவர்கள் முள்ளோடு மென்று தின்னும் நெத்திலியைச் சேர்க்கலாம். அகத்திக்கீரையில் கால்சியம் மிகுதி என்றாலும் ஆக்சலேட்டும் மிகுதி. அதை மட்டும் நம்ப வேண்டாம். ஜிகர்தண்டாவிலும் பால் இருக்கிறதே என்று கேட்பவர்கள் உண்டு. இருக்கிறது, அதோடு சர்க்கரையும் இருக்கிறது. வாரம் ஒருமுறை குடிப்பதற்குத் தடையில்லை, கணக்கில் மட்டும் சேர்க்காதீர்கள்.

வெயிலைப் பற்றி நிலவும் ஒரு நம்பிக்கையைத் திருத்த வேண்டும். காலை இளவெயிலில் நடந்தால் வைட்டமின் டி கிடைக்கும் என்று சொல்லிக்கொள்கிறார்கள். திருப்பதியில் நடந்த ஆய்வில், வைட்டமின் டியை உருவாக்கும் கதிர்கள் வலுவாகக் கிடைப்பது காலை 11 மணியிலிருந்து பிற்பகல் 2 மணி வரைதான் என்று தெரிந்தது. காலை நடை இதயத்துக்கும் சர்க்கரைக்கும் நல்லது. இதற்கு அதனால் பெரும்பயன் இல்லை. மார்கழி, தை மாதங்களில் 11 மணியளவில் கைகால்களில் வெயில் படும்படி அரைமணி நேரம் இருப்பது முதியோர்க்கும் எளிது. சித்திரை, வைகாசியில் உச்சி வெயிலில் பெரியவர்களை உட்கார வைக்காதீர்கள். வைட்டமின் டிக்குப் பதில் வெப்பத்தாக்கம் வரும்.

இவை எல்லாவற்றையும் தனி மனிதர் கையில் விட்டுவிடுவதும் எனக்கு உடன்பாடில்லை. அரிசி இலவசமாகவும் பால் விலைக்கும் கிடைக்கும் இடத்தில் ஏழைக் குடும்பம் எதைத் தேர்ந்தெடுக்கும்? 2023இல் தருமபுரி, நீலகிரி மாவட்டங்களின் நியாயவிலைக் கடைகளில் அரிசியின் ஒரு பகுதிக்குப் பதிலாகக் கேழ்வரகு வழங்கத் தொடங்கினார்கள். அது மதுரைக்கும் வர வேண்டும். பள்ளிக் குழந்தைகளுக்கான முதலமைச்சரின் காலை உணவுத் திட்டம் 2022 செப்டம்பர் 15 அன்று நம் மதுரையில்தான் தொடங்கி வைக்கப்பட்டது. அந்தத் தட்டில் வாரம் இரண்டு நாளாவது கேழ்வரகும், கூடவே ஒரு டம்ளர் பாலும் இருக்குமானால், எலும்பு வளரும் வயதில் அது செய்யும் நன்மையை ஐம்பது வயதில் போடும் எந்த ஊசியும் செய்ய முடியாது. எலும்பின் வலிமை பெரும்பாலும் முப்பது வயதுக்குள் சேர்த்து வைக்கப்படுவது.

அடுத்த முறை எலும்பு வலி, உடல் வலி என்று மருத்துவரைப் பார்க்க வரும்போது இரண்டு தாள்களைக் கொண்டுவாருங்கள். ஒன்றில் கடந்த மூன்று நாள்களில் நோயாளி என்னென்ன சாப்பிட்டார், பால், தயிர், மோர் எவ்வளவு என்று எழுதியிருக்கட்டும். மற்றொன்றில் கடந்த ஓராண்டில் எங்கெங்கே, எந்தத் தேதியில், எத்தனை யூனிட் வைட்டமின் டி ஊசியோ மாத்திரையோ எடுத்தார் என்று இருக்கட்டும். அளவு தெரியாவிட்டால் பழைய மருந்துச் சீட்டையும் காலி அட்டையையும் எடுத்து வந்தால் போதும். மருத்துவர் கேட்காவிட்டாலும் நீங்களே எடுத்து நீட்டுங்கள்.